சங்கத்தைப் பதிவு பண்ணினா கம்பெனிக்கு என்ன?

நேத்து மதியம் கேண்டீன்ல ஒரே வாக்குவாதம். சுங்குவார்சத்திரம் சாம்சங் விஷயம் எப்படியோ பேச்சுல வந்துடுச்சு. 2024 செப்டம்பர் 9-ல ஆரம்பிச்சு 37 நாள் நடந்த வேலைநிறுத்தம். சங்கத்தோட பதிவு விண்ணப்பம் அப்போ தொழிலாளர் துறையில தூங்கிட்டு இருந்துச்சு. சங்கத்துப் பேர்ல 'சாம்சங்' வரக்கூடாதுன்னு கம்பெனி ஆட்சேபணை. ஹைகோர்ட் வரைக்கும் போய், 2025 ஜனவரி 27-லதான் பதிவாச்சு.

"பேரு கம்பெனியோடதுடா, அவங்க கேக்கக்கூடாதா?"ன்னான் பக்கத்து டீம் நண்பன். நியாயம் மாதிரிதான் இருக்கு. ராத்திரி உக்காந்து 1926 தொழிற்சங்கச் சட்டத்தைத் தேடிப் படிச்சேன். (ஆமாங்க, வேற வேலை இல்ல.)

பேரைப் பத்தி பதிவாளர் பார்க்க வேண்டியது, ஏற்கெனவே இருக்கிற வேற சங்கத்துப் பேர் மாதிரி இருக்கான்னு மட்டும்தான். விதிப்படி எல்லாம் சரியா இருந்தா பதிவு பண்ணியே ஆகணும். மறுத்தாலோ ரத்து பண்ணினாலோ பாதிக்கப்பட்டவர் அப்பீல் போகலாம். பதிவு பண்ணினதை எதிர்த்து அப்பீல் போக அந்தச் சட்டத்துல வழியே கிடையாது. ரிட் மனு வேற கதை.

பதிவு வேற, அங்கீகாரம் வேற. நண்பன் ரெண்டையும் போட்டுக் குழப்பிக்கிட்டான். பதிவுங்கிறது சங்கத்துக்கும் பதிவாளருக்கும் நடுவுல இருக்கிற விஷயம். அங்கீகாரம்னா நிர்வாகம் யாரோட உக்காந்து பேசணும்ங்கிறது. அங்கே ஆள் கணக்கு சரியில்லைன்னு கம்பெனியோ போட்டிச் சங்கமோ சண்டை போடட்டும், தப்பில்லை.

இப்போ அந்தப் பழைய சட்டமே இல்லை. 2025 நவம்பர் 21-ல இருந்து தொழில் உறவுகள் சட்டத் தொகுப்பு வந்தாச்சு. என் பயமே அங்கதான். முன்னாடி விதிமீறலுக்காகப் பதிவை ரத்து பண்ணணும்னா, பதிவாளர் நோட்டீஸ் குடுத்த பிறகும் சங்கம் வேணும்னே மீறியிருக்கணும். புதுசுல, சட்டத்தையோ சங்கத்தோட சொந்த விதிகளையோ மீறினதா 'தகவல் கிடைச்சாலே' நடவடிக்கை எடுக்கலாம். யார் குடுக்கிற தகவல்? அந்தப் பிரிவுல சொல்லலை. நாங்க ஸ்பெக்ல இப்படி ஒரு வரி எழுதினா டெஸ்டர் அன்னிக்கே பக் போட்டிருப்பான்.

எங்கப்பா ஒரு மில்லுல சங்கப் பொருளாளரா இருந்தவர். ஷிப்ட் முடிஞ்சு வந்து, மஞ்சப்பையில இருந்து ரசீதுகளைக் கொட்டி வருஷக் கணக்கு எழுதுவார். ஒரு வருஷம் லேட்டாயிடுச்சு. நோட்டீஸ் வந்தது, அனுப்பினார், முடிஞ்சது. இன்னிக்கு அதே தாமதத்தை மில் நிர்வாகமே ஒரு 'தகவலா' எழுதிப் போட்டா? 60 நாள் நோட்டீஸ் உண்டு, தீர்ப்பாயத்துல அப்பீலும் உண்டு, இல்லேன்னு சொல்லலை. ஆனா நிர்வாகத்துக்குச் சம்பளம் வாங்குற வக்கீல் இருக்கார். அப்பாவுக்கு லீவ் போட்டாத்தான் ஆபீஸ் படியேற முடியும்.

"அப்போ சந்தாவை முழுங்குற தலைவர்களை என்ன பண்றது?"ன்னு கேப்பீங்க. அப்படிப்பட்டவங்க இருக்காங்க. ஆனா அது யார் காசு? சந்தா கட்டினவன் புகார் குடுக்கட்டும். 'உறுப்பினர் குடுக்கும் தகவல்'னு ஒரே ஒரு வார்த்தை சேர்த்திருந்தா இந்தப் பதிவுக்கே வேலை இல்லை.

நண்பன் இன்னிக்கு லஞ்சுக்கு வரலை. ரிலீஸாம். நாளைக்கு மாட்டுவான் :-)