கரையோரத்தார் பஞ்சாங்கம்

புதியதோர் உலகத்தைக் கற்பனை செய்து கதை எழுதுவோர் அவ்வுலகுக்கென ஒரு நாட்காட்டியையும் அமைத்துக்கொள்வது இந்நாளில் வழக்கமாகி வருகிறது. கொல்லருக்கு ஒரு திங்கள், நெசவாளருக்கு ஒரு திங்கள், தச்சருக்குத் தனியே ஓர் ஆண்டுப் பிறப்பு என்று தொழிற்குழுக்களே காலத்தை வகுத்து ஆள்வதாக அவர்கள் எழுதுகின்றனர். படிப்போர் அப்புதுமையை வியக்கின்றனர். வியப்பதில் தவறில்லை. ஆயினும், தொழில் செய்வோர் தமக்கென வகுத்துக்கொண்ட காலக்கணக்கைக் காண நாம் கற்பனையுலகம் வரை செல்லவேண்டியதில்லை. சிலாபம் முதல் கற்பிட்டி வரை நீளும் புத்தளக் கரைக்குச் சென்றால் போதும்.

தொல்காப்பியர் நிலத்தையும் பொழுதையும் முதற்பொருள் என்றார். முல்லைக்குக் கார்காலமும் மாலையும், குறிஞ்சிக்குக் கூதிரும் யாமமும் வகுத்த அவர், நெய்தலுக்கு எற்பாடு என்னும் சிறுபொழுதை மட்டுமே கூறினார், பெரும்பொழுதை வரையறுத்தாரல்லர். ஆறு பருவமும் அந்நிலத்துக்கு உரியன என்று பின்வந்தோர் கொண்டனர். பாட்டிசைக்கும் புலவனுக்கு இது போதும்; வலை வீசுவோனுக்குப் போதாது. இலக்கணம் சொல்லாது விட்ட நெய்தலின் பெரும்பொழுதைக் காற்றைக் கொண்டு வகுத்தவன் அவனே.

வைகாசி தொடங்கிப் புரட்டாதி வரை தென்மேற்கிலிருந்து வீசும் காற்றைச் சோழகம் என்றும் கச்சான் என்றும் நம்மவர் வழங்குவர். அக்காலத்தில் மேற்குக் கடல் கொந்தளிக்கும், தோணிகள் கரையேறும். சிலாபம், உடப்பு முதலிய ஊர்களின் மீனவர் பலர், கடல் அமைதியாயிருக்கும் முல்லைத்தீவு, திருகோணமலைக் கரைகளை நாடிச் சென்று வாடியமைத்துத் தொழில் செய்வர். ஐப்பசிக்குப் பின் காற்று வாடையாகத் திரும்பும்போது அவர்கள் ஊர் மீள்வர். அப்போது மேற்குக் கரையிற் கரைவலை இறங்கும். அம்பாப் பாடல் கேட்கும். கற்பிட்டிக் குடாநாட்டில் வெளியூரார் வாடிகளும் எழும். ஆகவே, இக்கரையில் ஆண்டென்பது இரண்டு காற்றுக்களும் அவற்றினிடையே வரும் இரண்டு திருப்பங்களுமேயாகும்.

மீனவனுக்குக் கடலை அடைக்கும் அதே காற்று உப்பளத்தானுக்கு வாயிலைத் திறந்துவிடுகிறது என்பது இக்கணக்கின் சிறப்பு. மழையற்ற அக்காலத்திற் காற்றும் வெயிலும் கூடிப் பாத்திநீரை வற்றச் செய்யும். செறிவை அளக்கும் போமே மானியிற் கடல்நீர் ஏறத்தாழ 3 பாகையே காட்டும். அது 25 பாகையை எட்டும்போதுதான் உப்புப் படியும். 30 பாகையைத் தாண்டவிட்டால் கைப்புச் சேரும். இவ்வளவுக்கும் வேண்டுவது மழை குறுக்கிடாத நாட்கள். அத்தகைய நாட்கள் மாசி, பங்குனியில் ஒருமுறையும், ஆடி முதல் புரட்டாதி வரை மறுமுறையும் வாய்ப்பதால் புத்தளத்து உப்புக்கு ஆண்டில் இரு போகம்.

முத்துக்குளிப்பும் இக்கணக்கையே பின்பற்றியது. மன்னார்க் குடாவிற் சலாபம் கூடியது காற்று ஓய்ந்திருக்கும் மாசி, பங்குனி, சித்திரையை ஒட்டியே. நள்ளிரவுக்குப் பின் நிலக்காற்றில் தோணிகள் பாருக்குச் செல்லும். நண்பகலில் எழும் கடற்காற்றிற் கரை திரும்பும். அரசாங்கம் ஆளையும் ஆயுதத்தையும் நிறுத்தி நடத்திய 1905 ஆம் ஆண்டின் பெருஞ்சலாபமும் இந்தக் காற்றுக்குக் கட்டுப்பட்டதே.

கிழமைக்கும் இவர்களிடம் வேறு கணக்குண்டு. கரைவலை இழுக்கும் இடத்தைப் பாடு என்பர். ஒரு பாட்டுக்கு வலைகள் பலவாயின் முறைவைத்தே இறக்குவர். வலைகள் ஐந்து, நாளுக்கு ஒரு முறை எனக் கொண்டால், ஆறாம் நாளே முதல்வனுக்கு மறுமுறை வரும். அவனுக்கு அது ஐந்து நாட் கிழமை. சிங்களம் பேசும் மீனவரும் பாடு என்ற இச்சொல்லையே ஆளுகின்றனர். மொழி வேறாயினும் முறை ஒன்றாயிருந்தது.

சமயம் வேறாயினும் அப்படியே. இக்கரையில் இந்துக்களும் இஸ்லாமியரும் கத்தோலிக்கரும் அடுத்தடுத்து வாழ்கின்றனர். மூவருக்கும் மூன்று நாட்காட்டிகள். ஹிஜ்ரி ஆண்டு ஏறத்தாழ 354 நாள் கொண்டது; ஆதலின் நோன்பு மாதம் சுமார் 33 ஆண்டுகளில் எல்லாப் பருவங்களையும் சுற்றிவரும். நமது பஞ்சாங்கமும் நட்சத்திரத்தைக் கொண்டு ஆண்டை அளப்பதால், பருவத்தைவிட்டு 72 ஆண்டுக்கு ஒரு நாள் வீதம் விலகிச் செல்கிறது. சூரியன் வடக்கே திரும்புவது மார்கழித் தொடக்கத்திலிருக்க, உத்தராயணத்தை நாம் தைப்பொங்கலன்று கொண்டாடுவது அதனாலேயே. காற்றுக் கணக்குக்கு இத்தகைய விலகல் இல்லை. வழிபாட்டுக்கு மூன்று கணக்கும் தொழிலுக்கு ஒரு கணக்குமாக இம்மக்கள் வாழ்ந்தனர். உடப்புத் திரௌபதையம்மன் தீமிதிப்பும், தலவிலப் புனித அன்னம்மாளின் பெருவிழாவும் மேற்குக் கடல் அடைபட்டிருக்கும் ஆடி, ஆவணியை ஒட்டியே வருகின்றன என்பதும் கருதத்தக்கது.

இதனை நாம் புகழ்வது பழமை என்பதற்காக அன்று. இக்கணக்குக்குக் குறையுமுண்டு. அது வழமையைச் சொல்லும், புயலைச் சொல்லாது. 1964 டிசம்பர் 22 ஆம் நாளிரவு தனுஷ்கோடியை அழித்து, நமது வடபுலத்தையும் மன்னாரையும் தாக்கிய சூறாவளிக்கு அதில் இடமில்லை. அதற்கு வானிலை நிலையம் வேண்டும். கையிற் செய்தி தரும் கருவியிருக்க, காற்றின் பெயரை அறிந்து ஆவதென்ன என்று இளைஞர் கேட்பதிலும் நியாயமுண்டு.

அதற்கு விடை அண்மைக்கால நிகழ்ச்சியிலேயே இருக்கிறது. 2024 இன் இறுதியிலும் 2025 இலும் பெய்த மழையால் உப்பு விளைச்சல் குன்றியது. கடல்சூழ்ந்த இந்நாடு வெளிநாட்டிலிருந்து உப்பு வாங்க நேர்ந்தது. பருவம் மாறிவிட்டது என்று எல்லாரும் சொல்கின்றனர். எதிலிருந்து மாறியது? மழையின் அளவை அரசாங்கப் பதிவேடு சொல்லும். ஆனால் கச்சான் எந்நாளில் விழுந்தது, எக்காற்றில் எம்மீன் கரையை அணுகியது, எந்தப் பாத்தியில் எப்போது உப்புப் பூத்தது என்பனவெல்லாம் முதியோர் நினைவில் மட்டுமே உள்ளன. முன்பிருந்த நிலையை எழுதிவையாதவர் மாற்றத்தை அளக்கவும் இயலாது. அதனால் வந்த இழப்புக்கு ஈடு கேட்கவும் இயலாது. உப்பளத்தானுக்கும் மீனவனுக்கும் இது சோற்றோடு சம்பந்தப்பட்ட காரியம்.

ஆதலின் கரையோரப் பள்ளிகளின் ஆசிரியர்களிடம் ஒன்று வேண்டுவோம். ஐந்திணையைக் கற்பிக்கும்போதே மாணவர் கையில் ஒரு குறிப்பேட்டைக் கொடுங்கள். காற்றின் பெயர், அது திரும்பிய நாள், அந்நாளில் ஊரார் செய்த தொழில், கிடைத்த மீன் ஆகியவற்றை அவர்கள் எழுதிவரட்டும். பாட்டன்மாரிடமும், பக்கத்துச் சிங்கள ஊரிலும், பள்ளிவாசல் முற்றத்திலும், தேவாலய வாசலிலும் கேட்டு எழுதட்டும். மாணவர் மாறினாலும் குறிப்பேடு தொடரட்டும். ஊரூராக இலக்கியக் கழகங்கள் நடத்துவோர் இவற்றைத் தொகுத்து ஒப்புநோக்கட்டும். இதற்குப் பெரும்பொருள் வேண்டியதில்லை. விடாது எழுதும் பழக்கம் ஒன்றே வேண்டும். பத்தாண்டு தொடர்ந்து எழுதினால், பருவம் மாறியது என்னும் பேச்சுக்கு நம்மிடம் சான்று இருக்கும். நெய்தலுக்கு ஒரு பெரும்பொழுதும் எழுத்தில் அமையும்.