நாவடக்கம் அறியாத நடிகை

கதிரை, மேசை, அலுமாரி, யன்னல் என்னும் சொற்களை நாம் நாள்தோறும் வழங்கி வருகின்றோம். இவை போர்த்துக்கேயர் விட்டுச்சென்ற சொற்கள் என்பதை மாணவர்கள் அறிவர். அம்மொழியிலிருந்து நாம் பெற்றுக்கொண்டவற்றுட் பல, வீட்டுத் தளபாடங்களின் பெயர்களே. அதே மொழியைத் தாய்மொழியாகக் கொண்ட பிறேசில் நாட்டிலே ஓர் அம்மையார், வீட்டில் உச்சரிக்கத் தகாத சொற்களையெல்லாம் திரட்டி மேடையேற்றி, ஏறத்தாழ எண்பது ஆண்டுகள் ஒரு பெரிய தேசத்தைச் சிரிக்க வைத்தார். அவர் பெயர் டெர்சி கொன்சால்வெஸ்.

கொன்சால்வெஸ் என்றவுடன், ஈழத்திலே தமிழ் உரைநடை நூல்கள் இயற்றிய யாக்கோமே கொன்சால்வெஸ் அடிகளாரின் நினைவு சிலருக்கு வரக்கூடும். அடிகளார் மன்னிப்பாராக. பெயர் ஒற்றுமையன்றி இருவருக்கும் வேறு ஒற்றுமை எதனையும் நான் காணவில்லை.

சிறுவர் முதல் முதியோர் வரை படிக்கும் இப்பகுதியிலே இவரைப்பற்றி எழுதலாமா என்று இரண்டு கிழமை யோசித்தேன். எழுதத் தூண்டியவன் என் மாணவன் ஒருவன். "சேர், வசைமொழி பேசுவதும் ஒரு கலையா?" என்று வகுப்பிலே கேட்டான். "இல்லை" என்று உடனே விடை கூறிவிட்டேன். ஆசிரியர்களுக்கு உடனே விடை கூறும் நோய் ஒன்று உண்டு. பின்னர் இவ்வம்மையாரின் வரலாற்றைப் படித்தபோது, அவ்விடை அவ்வளவு எளிதன்று என்று தோன்றிற்று.

றியோ டி ஜெனீறோ மாநிலத்தின் மலைப்பகுதியிலே சாந்தா மரியா மதலேனா என்றொரு சிறிய ஊர் உண்டு. வேதாகமத்தில் வரும் மதலேன் மரியாளின் பெயரைத் தாங்கிய ஊர். அங்கே 1907ஆம் ஆண்டு யூன் மாதம் 23ஆந் திகதி, தையற்காரர் ஒருவரின் மகளாகப் பிறந்தார் டொலோறெஸ் கொன்சால்வெஸ் கொஸ்தா. டெர்சி என்பது பின்னர் அவர் தாமே சூடிக்கொண்ட பெயர். கணவரின் ஒழுக்கக்கேட்டைப் பொறாத தாயார் வீட்டை விட்டு வெளியேறிவிட, மகள் தாயின்றி வளர்ந்தார். தாயற்ற பெண்பிள்ளையைச் சிற்றூர் வாய் எவ்வாறு மெல்லும் என்பதை நம் வாசகர்களுக்கு விரித்துரைக்க வேண்டியதில்லை. சிறிது வளர்ந்தபின் ஊர்ப் படமாளிகையிலே நுழைவுச்சீட்டு விற்கும் வேலை கிடைத்தது. பேசாத படங்களின் காலம் அது. திரையிற் கண்ட நடிகைகளைப் போலத் தாமும் முகத்துக்கு வர்ணம் தீட்டிக்கொண்டு வீதியில் நடந்தார். ஊர் பழித்தது. 1920களின் இறுதியில் நாடகக் குழு ஒன்றின் பின்னே வீட்டை விட்டு ஓடிப்போனார். ஊருக்குப் பழிக்க இன்னும் நல்ல காரணம் கிடைத்தது.

1929இலே, அயல் மாநிலமாகிய மினாஸ் ஜெறாய்ஸில் உள்ள லெயோபொல்டீனா நகரிலே முதன்முறையாக மேடையேறினார். தொடக்கத்தில் அவர் நகைச்சுவை நடிகை அல்லர், பாடகி. பஸ்க்கோல் என்னும் பாடகரோடு இணைந்து ஊரூராய்ப் பாடித் திரிந்தார். அவ்வலைச்சலிலே காசநோய் பற்றிக்கொண்டது. இன்று போல மருந்து இல்லாத காலம். கோப்பி வணிகர் ஒருவர் செலவை ஏற்றுச் சிகிச்சைக்கு அனுப்பியதனால் உயிர் மீண்டது. இந்த நோயை வாசகர்கள் நினைவில் வைத்துக்கொள்வார்களாக. கதை மீண்டும் அவ்விடத்துக்கு வரும்.

1930களிலும் 40களிலும் றியோ நகரின் திறாதெந்தெஸ் சதுக்கத்தைச் சுற்றியிருந்த அரங்குகளிலே "றெவிஸ்டா" எனப்படும் கூத்துகள் நடைபெற்றன. பாட்டு, ஆட்டம், நாட்டு நடப்பைப் பகடி செய்யும் சிறு காட்சிகள் ஆகியவற்றின் கலவை அது. டெர்சி அம்மையார் தம் இடத்தைக் கண்டுகொண்டது இங்கேதான். எழுதிக்கொடுத்த வசனத்தை அவர் ஒருபோதும் அப்படியே பேசினாரல்லர். நடுவிலே நிறுத்துவார், சபையோரோடு வாயாடுவார், முன்வரிசைக் கனவானை வம்புக்கு இழுப்பார், தகாத சொல் ஒன்றை வீசுவார், பின்னர் ஒன்றும் அறியாதவர் போலக் கதைக்குத் திரும்புவார்.

இதிலே தணிக்கையாளருக்கு ஒரு பெருஞ் சங்கடம் இருந்தது. அக்காலத்துப் பிறேசிலிலே நாடகப் பிரதியை முன்கூட்டியே அதிகாரிகளிடம் கையளித்து அனுமதி பெறவேண்டியிருந்தது. அவர்களோ சிவப்பு மையோடு காகிதத்தைக் காவல் செய்தனர். டெர்சி அம்மையாரின் நகைச்சுவையோ காகிதத்திலே இல்லை. அது இரவு ஒன்பது மணிக்கு அவர் வாயிலே பிறந்து, சபையின் சிரிப்பிலே மறைந்துவிடும். இல்லாத வரியை எவ்வாறு அடிப்பது? அவர் பன்முறை தணிக்கையாளரோடு மோதியதில் வியப்பில்லை.

1950களிலே அவர் ஒரு துணிகரமான காரியம் செய்தார். பிரெஞ்சு ஆசிரியர் டூமா எழுதிய "கமெலியாச் சீமாட்டி" நாடகத்தைத் தம் வழியிலே மேடையேற்றினார். காசநோயால் மெலிந்து, காதலன் மடியிலே உயிர் துறக்கும் அழகியின் கதை அது. ஐரோப்பிய அரங்குகளிலே சீமாட்டிகள் கைக்குட்டை நனைய அழுது பார்த்த நாடகம். அதனைக் கேலிக்கூத்தாக்கினார் என்று கற்றோர் சிலர் முகஞ்சுளித்தனர். ஆனால் அச்சபையிலே காசநோய் இன்னதென்று உண்மையில் அறிந்தவர் யார்? இருமியிருமி இரத்தங் கக்குவதில் அழகு எதுவும் இல்லை என்பதைத் தம் நெஞ்சால் அறிந்த ஒருத்தி, அழகான காசநோயைக் கண்டு நகைத்தாள். அந்த நகைப்பை வெறும் கொச்சை என்று தள்ள என் மனம் இடந்தரவில்லை.

தொல்காப்பியத்து மெய்ப்பாட்டியலைக் கற்ற மாணவர்களுக்கு ஒன்று நினைவிருக்கும். நகை பிறக்கும் இடங்களுள் எள்ளலும் ஒன்று. பேராசிரியர் அதனை இருவகையாக விரிப்பார்: தான் பிறரை எள்ளி நகுவது ஒன்று, பிறர் தன்னை எள்ளியவிடத்துத் தான் நகுவது மற்றொன்று. முதலாவது எவருக்கும் எளிது. என் மாணவனுக்கு நான் கூறத் தவறியது இந்த இரண்டாவதைத்தான். "கெட்டவள்" என்று ஊர் எறிந்த சொல்லை எடுத்துத் தாமே அணிந்துகொண்டு, அதற்கு நுழைவுச்சீட்டும் விற்றார் இவ்வம்மையார்.

திரைப்படங்களைப்பற்றி அதிகம் எழுதப்போவதில்லை. "ஷன்ஷாடா" என்று பெயர்பெற்ற மலிவான இசை நகைச்சுவைப் படங்கள் பலவற்றில் நடித்தார். அவற்றை விமரிசகர் வெறுத்தனர், மக்கள் விரும்பினர். 1957இலே மட்டும் "வழிதவறிய சீமாட்டி" என்று பொருள்படும் படத்திலும், அன்செல்மோ டுவார்த்தே இயக்கிய "முற்றிலுஞ் சரி" என்னும் படத்திலும் நடித்தார். அதே டுவார்த்தே 1962இலே கான் விழாவின் தங்கப் பனையை வென்றவர் என்பதை, மலிவு என்று இகழ்ந்தோர் மறந்துவிடலாகாது.

1964இலே பிறேசிலிலே படையினர் ஆட்சியைக் கைப்பற்றினர். 1966 தொடக்கம் குளோபோ தொலைக்காட்சியிலே அம்மையாரின் நிகழ்ச்சிகள் பெரும் புகழ் பெற்றன. "உண்மையான டெர்சி" என்பது அவற்றுள் ஒன்றின் பெயர். 1968 மார்கழியில் அரசு தன் பிடியை இறுக்கியது. 1970இலே அந்நிகழ்ச்சி நின்றது. 1980இலே "மஞ்சட் குதிரை" என்னும் தொடர்நாடகத்திலே அவர் மீண்டும் மக்கள் முன் தோன்றியபோது வயது எழுபத்துமூன்று.

இனி, நான் எழுதத் தயங்கிய இடம். 1991இலே நித்தெறோய் நகரத்து விறாதூறோ சம்பா மன்றம், றியோ களியாட்டத்திலே அவரது வாழ்வையே தன் ஊர்வலத்தின் பொருளாக எடுத்துக்கொண்டது. "ஒரு மக்களின் உருவப்படம்" என்று அவரைக் கொண்டாடியது. எண்பத்துமூன்று வயது மூதாட்டி, ஆயிரக்கணக்கானோர் முன்னிலையிலே மேலாடை களைந்த கோலத்தில் ஊர்தியில் நின்று கையசைத்தார். என் வீட்டிலே இதனைக் கூறியபோது என் மனைவியார் முகத்தைத் திருப்பிக்கொண்டார். நானும் இதனை நியாயப்படுத்த முன்வரவில்லை. எனினும், இளமை உடலை விலைப்பொருளாகக் காட்டும் விழா ஒன்றிலே, முதுமை தன்னைக் காட்டியவுடன் மட்டும் பலர் திடுக்கிட்டார்களே, அது ஏன் என்று எண்ணிப் பார்க்கின்றேன்.

அடுத்த ஆண்டு, "இறைவா காப்பாற்று" என்று பொருள்படும் தொடர்நாடகத்திலே அவருக்குக் கிடைத்த பாத்திரம் எது தெரியுமா? பிறேசில் நாட்டின் காவற் தேவதை. எழுதியவர் சில்வியோ டி ஆப்றெயு. அவருக்கும் நகைச்சுவை தெரியும்.

ஒரு குறை சொல்லவேண்டும். கடைசிக் காலத்திலே தொலைக்காட்சிக்காரர் அவரை அழைத்ததெல்லாம் ஒரு மூதாட்டியின் வாயிலிருந்து வசைச்சொல் வருவதைக் கேட்பதற்கே என்று தோன்றுகின்றது. மேடையிலே அச்சொல் ஒரு கனவானை நோக்கிப் பாய்ந்தது, ஒரு பொய்யை நோக்கிப் பாய்ந்தது. இங்கே அது வெறும் பழக்கமாயிற்று. அவரும் மறுக்காமல் அள்ளிக் கொடுத்தார். அவ்விடத்தில் மட்டும் என் மாணவனுக்குக் கூறிய பழைய விடையையே நான் மீண்டும் கூறுவேன்.

2008ஆம் ஆண்டு யூலை 19ஆந் திகதி, நூற்றோராவது வயதிலே, நுரையீரல் அழற்சியினால் றியோவில் காலமானார். தாம் ஓடிப்போன அதே ஊரிலே தமக்கென ஒரு கல்லறையை அவர் முன்னமே கட்டுவித்திருந்தார். அது எகிப்தியப் பிரமிட்டின் வடிவில் அமைந்தது. ஊரார் கூடி அவரை அங்கே அடக்கஞ் செய்தனர். அவர் விருப்பப்படியே படுக்கவையாமல், நின்ற நிலையில்.