பெயர் இழந்த பூ

கொல்லிமலை என்றதும் தமிழருக்கு முதலில் நினைவு வருபவன் வல்வில் ஓரி. பக்தியுள்ளவர்களுக்கு அறப்பளீசுவரர், பிரயாணத்தில் பிரியமுள்ளவர்களுக்கு ஆகாயகங்கை அருவி, மோட்டார் ஓட்டுகிறவர்களுக்கோ காரவள்ளியிலிருந்து மேலேறும் 70 கொண்டை ஊசி வளைவுகள். அவ்வளைவுகளையெல்லாம் கடந்து செம்மேட்டில் வந்து இறங்குகிறவர்கள் மிளகும் பலாவும் விலை பேசுவார்கள், அருவியில் நீராடுவார்கள், மலையைப் பார்த்துவிட்டதாகத் திருப்தியுடன் ஊர் திரும்புவார்கள். அவர்கள் காலடியில் ஒரு சாண் உயரங்கூட இல்லாமல் பூத்து நிற்கும் ஒரு வகைச் செடியைப் பற்றியே இந்த வாரம் நாம் பேசப் புகுகிறோம்.

ஆர்க்கிட் என்ற சொல்லைக் கேட்டால், கலியாண மேடைகளில் செருகப்படும் பெரிய ஊதாப் பூவே பலருக்கும் தோன்றும். அந்தக் குடும்பம் மிகப் பெரியது. உலகத்தில் 25,000க்கு மேற்பட்ட இனங்களும், நம் பாரத நாட்டில் மட்டும் 1,200க்கு மேற்பட்டவையும் அதில் உண்டு. அவற்றுள் கண்ணைப் பறிக்கும் பெரிய பூக்கள் சிலவே. பலவற்றின் பூ அரிசி மணியை விடச் சற்றே பெரிதாக இருக்கும். நிறமும் இலைப் பச்சையோடு கலந்துவிடும். வட ஐரோப்பாவின் சேற்று நிலங்களில், நீரூறும் பாசி மெத்தையின் மேல், இரண்டு மூன்று அங்குல உயரத்துக்கு ஒன்று வளர்கிறது. ஹம்மார்பியா என்பது அதன் பெயர். தாவரங்களுக்குப் பெயரிடும் முறையை வகுத்த லின்னேயஸ், சுவீடன் தேசத்தில் ஹம்மர்பி என்னும் பண்ணையில் வாழ்ந்தார். அவர் நினைவாக இட்ட பெயர் அது. அங்குள்ள தாவரப் பிரியர்கள் அதைக் காண்பதற்காகச் சேற்றிலே முழங்காலிட்டுத் தேடுவதை ஒரு விரதம்போல் செய்து வருகிறார்கள்.

அதன் நெருங்கிய உறவினர் நம் நாட்டிலும் இருக்கிறார்கள். கிரெப்பிடியம் வெர்சிகலர் என்பது அவர்களில் ஒருவர். தென்னாட்டு மலைக் காடுகளில் மழைக்காலத்தில் தேடத்தக்க சிறு செடி. வெயில் நிறைந்த புல்வெளியில் அதைத் தேடிப் பயனில்லை. மரநிழல் வேண்டும், மக்கிய சருகு வேண்டும், ஓடைக் கரையில் பாசி படர்ந்த பாறை இடுக்காயிருந்தால் இன்னும் நல்லது. கோடையில் இலைகள் வாடி மறைந்துவிடும்; தண்டின் தடித்த அடிப்பாகம் மட்டும் சருகுக்குள் உறங்கும். மழை விழுந்ததும் மடிப்பு மடிப்பான சில இலைகள் விரியும். அவற்றின் நடுவிலிருந்து மெல்லிய தண்டு எழுந்து, அதில் கீழிருந்து மேலாகச் சின்னஞ்சிறு பூக்கள் மலரும். பச்சை கலந்த மஞ்சளாகத் தோன்றும் பூ நாளடைவில் நிறம் மாறும். 'வெர்சிகலர்' என்ற லத்தீன் சொல்லுக்கும் நிறம் மாறுவது என்பதே பொருள்.

இனி, அடையாளம் காண்பது எப்படி? இலையை மட்டும் பார்த்துத் தீர்ப்புச் சொல்லக்கூடாது. காட்டுத் தரையில் அதைப் போன்ற இலைகள் பல உண்டு. ஒரு பூதக்கண்ணாடியை எடுத்துக்கொண்டு பூவுக்கு எதிரே அமரவேண்டும். வெளிவட்டத்தில் மூன்று இதழ், உள்வட்டத்தில் மூன்று இதழ் என்பது ஆர்க்கிட் குடும்பத்தின் பொதுக் கணக்கு. உள்வட்டத்து மூன்றில் ஒன்று மற்ற இரண்டைப் போலிராமல் அகன்றோ, பிளந்தோ, பை போலவோ இருக்கும். அதை 'உதடு' என்று அழைப்பார்கள். ஆணும் பெண்ணுமான உறுப்புகள் தனித்தனியே நில்லாமல் ஒன்றாய்க் கூடி நடுவில் ஒரு சிறு தூணாக நிற்கும். மகரந்தம் பொடியாக உதிராமல் கட்டி கட்டியாகத் திரண்டிருக்கும். இவை மூன்றும் பொருந்தினால், செடி எத்தனை சிறியதானாலும் ஆர்க்கிட்தான் என்று துணியலாம்.

அடுத்து, உதடு எந்தப் பக்கம் இருக்கிறது என்று பார்க்கவேண்டும். அரும்பாயிருக்கையில் உதடு மேற்புறத்தில் இருக்கும். பெரும்பாலான ஆர்க்கிட்டுகளில் அரும்பு மலரும்போது காம்பு அரைவட்டம் முறுக்கிக்கொள்ள, உதடு கீழே வந்து பூச்சிகள் இறங்கும் திண்ணையாக அமையும். கிரெப்பிடியம் வகைகளிலோ பெரும்பாலும் உதடு மேலேயே நிற்கும். நாம் சொன்ன ஐரோப்பியச் சேற்றுப் பூ இதை விசித்திரமான வழியில் சாதிக்கிறது. அது அரைவட்டத்தோடு நில்லாமல் முழுவட்டமாக முறுக்கிக்கொண்டு, புறப்பட்ட இடத்துக்கே உதட்டைக் கொண்டுபோய் நிறுத்துகிறது. டார்வின் 1862இல் ஆர்க்கிட்டுகளைப் பற்றி வெளியிட்ட நூலில் இந்தச் செய்தியை எடுத்துக் காட்டியிருக்கிறார். உலகத்தையே கலக்கிய அறிஞர், சேற்றில் முளைத்த மூன்றங்குலச் செடியின் காம்பில் எத்தனை முறுக்கு என்று எண்ணிப் பார்த்தார் என்பதை நம் மாணவர்கள் கவனிக்கவேண்டும்.

ஏமாற்றக்கூடிய சுற்றத்தார் இருவரைப் பற்றியும் சொல்லிவிடுவோம். லிப்பாரிஸ் என்னும் இனத்தின் இலையும் உருவமும் ஏறக்குறைய இதே போல இருக்கும். ஆனால் அதன் நடுத்தூண் மெலிந்து நீண்டு வளைந்திருக்கும். கிரெப்பிடியத்தின் தூண் கட்டையாயிருக்கும். ஓபெரோனியா என்பது மரக்கிளையில் ஒட்டி வாழ்வது. விசிறி மடிப்புப் போல் தட்டையான இலைகளும், எலிவாலைப் போன்ற பூங்கதிரும் உடையது. தரையில் நிற்பதையும் மரத்தில் நிற்பதையும் பிரித்தறிந்துவிட்டால் பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும்.

இவ்வளவு நுட்பங்களைக் கண்ணால் அளந்து தாளில் இறக்கியவர்கள் யார் என்று கேட்டால், நாம் பெருமையும் வருத்தமும் ஒருங்கே அடைய வேண்டியிருக்கிறது. கிழக்கிந்தியக் கம்பெனியின் வைத்தியராக 1819இல் சென்னைக்கு வந்த ராபர்ட் வைட் என்பவர், தென்னிந்தியத் தாவரங்களைச் சித்திரங்களுடன் விவரிக்கும் பெரிய நூலை 1838 முதல் 1853 வரை வெளியிட்டார். ஆறு தொகுதிகள், 2,101 படங்கள். பெயர் வைட்டுக்கு, தூரிகை நம்மவருக்கு. முதலில் ரங்கையா, பின்னர் கோவிந்து என்னும் இரு இந்திய ஓவியர்கள் அவருக்காக வரைந்தார்கள். பூவைப் பிளந்து, உதட்டைத் தனியே, தூணைத் தனியே, மகரந்தக் கட்டியைத் தனியே பெரிதாக்கிக் காட்டியிருக்கிறார்கள். அக்காலத்தில் புகைப்படம் பரவலாகவில்லை. பூ வாடுமுன் கண் பார்க்கவேண்டும், கை வரையவேண்டும். அவர்கள் தவறாக வரைந்திருந்தால் அறிஞர்கள் தவறாகவே பெயரிட்டிருப்பார்கள்.

வைட் நன்றி மறவாதவர். 1853இல், காட்டு நிழலில் வாழும் ஒரு ஆர்க்கிட்டைப் புதிய இனம் என்று கருதி, அதற்குத் தம் ஓவியரின் பெயரால் 'கோவிந்தூயியா' என்று பெயர் சூட்டினார். மெல்லிய தண்டின் உச்சியில் அகன்ற இரண்டு இலைகளும், அவற்றின் மேல் வெண்பூங்கொத்தும் உடைய செடி அது. ராஜாக்களுக்கும் கவர்னர்களுக்கும் பூக்களின் பெயரால் மரியாதை செய்த காலத்தில், சம்பளத்துக்கு வரைந்த இந்தியர் ஒருவருக்குக் கிடைத்த அரிய கௌரவம்! ஆனால் அது நிலைக்கவில்லை. லிண்ட்லி என்னும் ஆங்கில அறிஞர் 1833இலேயே 'டிரோப்பிடியா' என்ற பெயரில் வகுத்திருந்த இனத்தில் இதுவும் அடங்கும் என்று முடிவாயிற்று. முந்தி வெளியான பெயரே செல்லும் என்பது தாவரநூல் விதி. ஆகவே கோவிந்துவின் பெயர் ஒதுக்கப்பட்ட பெயர்களின் பட்டியலுக்குப் போய்விட்டது. விதியில் குற்றமில்லை. ஆயினும், நம் பள்ளிக்கூடங்களில் வைட்டின் பெயரையாவது அறிந்தவர் சிலர் இருப்பார்கள். கோவிந்துவின் பெயரை அறிந்தவர் எத்தனை பேர்? அவ்வோவியர்களின் மூலச் சித்திரங்கள் பல ஸ்காட்லாந்தில் எடின்பரோ அரச தாவரத் தோட்டத்தில் பத்திரமாக இருக்கின்றன. அங்கிருந்தே 2007இல் அவர்களைப் பற்றி விரிவான நூலும் வெளிவந்தது. நம் ஓவியரின் புகழை நமக்கு எடுத்துச் சொல்லக் கடல் கடந்த ஊர் முன்வரவேண்டியிருந்தது.

நல்ல வேளையாக, பின்னாளில் இந்த வேலை நம் ஊர்களிலேயே வேரூன்றியது. திருச்சி தூய வளனார் கல்லூரியில் 1967இல் ராபினட் தாவரக் காப்பகம் தோன்றியது. அங்கே பாதிரியார் கே. எம். மாத்யூ தம் குழுவினரோடு, கொல்லிமலை உள்ளிட்ட தமிழகக் கர்நாடகப் பகுதியின் செடிகளைத் திரட்டி, 1981 முதல் பெரிய தொகுதிகளாக வெளியிட்டார். ஏற்காட்டில் மத்திய சர்க்காரின் தாவர மதிப்பாய்வுத் துறை ஆர்க்கிட்டுகளுக்கென்றே ஒரு தோட்டம் வளர்த்து வருகிறது. ஐயம் வந்தால் கேட்டறிய இப்பொழுது எடின்பரோவுக்கு எழுத வேண்டியதில்லை.

கண்டறிந்த மகிழ்ச்சியில் செடியைப் பிடுங்கி வந்து வீட்டுத் தொட்டியில் நட்டுவிடலாம் என்று எண்ணுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. ஆர்க்கிட் விதை தூசியைப் போன்றது; முளைக்கும் குழந்தைக்கு ஊட்ட அதில் கட்டுச்சோறு ஏதும் கிடையாது. மண்ணிலுள்ள ஒரு வகைப் பூஞ்சணம் வந்து ஊட்டினால்தான் காட்டில் அது முளைக்கும். 1899இல் பிரெஞ்சு அறிஞர் நோயெல் பெர்னார் இதைக் கண்டுபிடித்தார். ஆகவே சருகும் பாசியும் பூஞ்சணமும் சேர்ந்ததே அதன் வீடு. வீட்டை விட்டுச் செடியை மட்டும் கொண்டுவந்தால் அது பெரும்பாலும் மடிந்துபோகும். நிழல் மரங்களை வெட்டித் தரையைக் காயவிட்டாலும் அதே கதிதான். மரவள்ளியும் காப்பியும் பெருகிய கொல்லிமலையில், பழைய காட்டின் துண்டுகள் எஞ்சியிருக்கும் இடங்களுள் மலைவாழ் மக்கள் தெய்வத்துக்கு அஞ்சிக் கோடரி வைக்காத கோயில் காடுகள் முக்கியமானவை. அவர்களுக்கு நாம் கடன்பட்டிருக்கிறோம்.

ஆகையால் மழைக்காலத்தில் செம்மேட்டுக்குப் போகும் நேயர்கள், குழந்தைகளுடன் ஒரு பூதக்கண்ணாடியையும் வரைபுத்தகத்தையும் கொண்டு செல்லவேண்டும். கைபேசியில் படம் எடுப்பவர்கள் பூவின் முகம், பக்கவாட்டு, இலை, அடித்தண்டு, சுற்றியுள்ள தரை ஆகியவற்றைத் தனித்தனியே எடுத்தால் அறிந்தவர்கள் பெயர் சொல்ல வசதியாயிருக்கும். செடியிருக்கும் இடத்தை ஊரறியச் சொல்லாதிருப்பது நல்லது; பின்னால் பறிப்பவர்களும் வருவார்கள். அந்த மலையிலேயே பிறந்த பெரியவர் யாரையேனும் கண்டால், அதற்கு அவர்கள் என்ன பெயர் சொல்கிறார்கள் என்று மரியாதையாகக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். குறிஞ்சிப்பாட்டில் 99 மலர்களை அடுக்கிப் பெயர் சொன்ன கபிலர் நம் மொழியில் பாடியவர். ஒரு பெயர் புத்தகத்தில் ஏறாமல் போவதற்குள் நாம் கேட்டு வைத்துக்கொண்டால், கோவிந்துவுக்கு நேர்ந்தது அந்தப் பூவுக்கும் நேராது.