படம் எடுப்பவர் திரும்பி வருவாரா?

பம்பாயில் குடிசைகள் இடிக்கப்பட்டுக்கொண்டிருந்த காலம். கமெராவுடன் நின்றவர்களைப் பார்த்து வீடிழந்த ஒரு பெண் சீறுகிறாள். ஏழைகளைப் படம் பிடித்து நீங்கள் பெயர் வாங்கிக்கொள்வீர்கள், எங்களுக்கு என்ன செய்யப்போகிறீர்கள் என்பதே அவளது கேள்வி. வேறொருவர் என்றால் அந்தத் துண்டை வெட்டி எறிந்திருப்பார். ஆனந்த் பட்வர்தன் அதைத் தமது 'பம்பாய் எங்கள் நகரம்' (1985) என்ற விவரணப்படத்தில் அப்படியே வைத்தார்.

இக்கேள்வி எமக்குப் புதியதல்ல. 2010இல், இளங்குருவாக இருந்தபோது, உதவி வழங்குவோருக்கு அனுப்புவதற்காக ஒரு கொட்டிலுக்கு முன்னால் நின்று படம் எடுத்தேன். "போன கிழமையும் ஒருத்தர் வந்து எடுத்தவர் பாதர். தகரம் ஒண்டும் வரேல்லை" என்றார் அங்கிருந்த அம்மா. நான் எடுத்த படம் ஒரு அறிக்கையில் அச்சாகியது. அதில் ஒரு பிரதியை அந்த அம்மாவிடம் கொண்டுபோய்க் கொடுக்க எனக்குத் தோன்றவேயில்லை.

பட்வர்தன் திரும்பிப் போனார். 1986இல் பம்பாயில் சஞ்சய் காந்தி நகர் என்ற குடியிருப்பு இடிக்கப்பட்டபோது, அம்மக்களோடு அமர்ந்து அவரும் உண்ணாவிரதம் இருந்தார். அதன் பின்னரே அவர்களுக்குக் கோரேகாவ் பகுதியில் மாற்றுக் காணி கிடைத்தது. காணி கிடைத்தது படத்தினாலா உண்ணாவிரதத்தினாலா என்று பிரித்துச் சொல்ல முடியாது. இரண்டும் வேண்டியிருந்தன என்றே நான் நினைக்கிறேன்.

1950இல் பிறந்த இவர், முழுநேரப் படக்காரராக முன்னர் மத்திய இந்தியாவில் 'கிஷோர் பாரதி' என்ற கிராமிய அபிவிருத்தித் திட்டத்தில் வேலை செய்தவர். கலிபோர்னியாவில் சீசர் சாவேஸ் நடத்திய பண்ணைத் தொழிலாளர் சங்கத்திலும் தொண்டராக இருந்தார். கனடாவின் தோட்டங்களில் வேலை செய்த இந்தியத் தொழிலாளர் சங்கம் அமைத்த கதையை 1981இல் படமாக்கினார். சிமந்தினி துருவுடன் சேர்ந்து எடுத்த 'நர்மதா நாட்குறிப்பு' (1995) எமது விவசாயக் குடும்பங்கள் கட்டாயம் பார்க்கவேண்டியது. சர்தார் சரோவர் அணைக்காகக் காணியும் காடும் இழக்கவிருந்த பழங்குடி மக்களோடு பல ஆண்டுகள் நின்று எடுக்கப்பட்ட படம் அது. அணை 2017இல் திறந்துவைக்கப்பட்டது. நீரில் மூழ்கிய ஊர்களை இனிப் படத்தில்தான் பார்க்கலாம்.

1997இல் பம்பாயின் ரமாபாய் நகரில் பொலிசார் சுட்டதில் பத்துத் தலித் மக்கள் இறந்தனர். சில நாட்களில் விலாஸ் கோக்ரே என்ற பாடகர் தூக்கிட்டு இறந்தார். முந்திய பம்பாய்ப் படத்தில் பாடியவர் அவர். அந்தச் சாவை விளங்கிக்கொள்ள முனைந்த 'ஜெய் பீம் காம்ரேட்' 2011இல்தான் முடிந்தது. பதினான்கு வருட வேலை! மூன்று மணித்தியாலத்துக்கு மேல் ஓடும், பொறுமை வேண்டும்.

அரசுடன் வழக்காடியே இவரது படங்கள் பல வெளிவந்தன. 'தந்தை, மகன், புனிதப் போர்' (1995) தூரதர்ஷனில் காட்டப்பட 2006இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளிக்க வேண்டியதாயிற்று. (அத்தலைப்பு என் போன்றோருக்குச் சற்று உறுத்தும். உறுத்தட்டும்.)

ஊராரின் துயரை இவ்வளவு காலம் படமாக்கியவர் 2023இல் தன் வீட்டுக்குள் வந்தார். 'உலகமே குடும்பம்' அவரது பெற்றோரைப் பற்றியது. தாய் நிர்மலா மட்பாண்டக் கலைஞர். அவர் பிறந்த சிந்து மாகாணத்து ஹைதராபாத், 1947இல் எல்லைக்கு அப்பால் போய்விட்டது. பெற்றோர் முதுமையடைந்து பேசிய பேச்சுகளை மகன் வீட்டிலிருந்தபடியே பதிந்து வைத்திருந்தார். இருவரும் இறந்து பல ஆண்டுகளின் பின்னரே அது படமாயிற்று.

எங்கள் பிள்ளைகளின் கைகளிலும் இன்று படம் எடுக்கும் தொலைபேசி இருக்கிறது. எந்தக் குளத்திலிருந்து எந்த வாய்க்காலால் எந்த வயலுக்குத் தண்ணீர் பாய்ந்தது, யாருடைய வேலி எந்தப் பூவரசோடு முடிந்தது என்று சொல்லக்கூடிய அப்புமாரும் ஆச்சிமாரும் இன்னும் சிலர் எம்மிடையே இருக்கிறார்கள்.