கமராவும் எமது முகங்களும்

காணி கேட்டு வீதியோரம் அமர்ந்திருக்கும் எமது மக்களைப் பலர் வந்து படம் பிடிக்கின்றனர். அதை நாம் தடுக்கவில்லை. ஆனால் யார், எதற்காக எடுக்கின்றார் என்று கேட்கும் உரிமை எமக்குண்டு.

1989 ஒக்டோபர் 9ஆம் திகதி கிழக்கு ஜேர்மனியின் லைப்சிக் நகரில் ஏறத்தாழ 70,000 பேர் அமைதியாக ஊர்வலம் சென்றனர். வெளிநாட்டுச் செய்தியாளர்களுக்கு அங்கு அனுமதியில்லை. இரு இளைஞர்கள் ஆலயக் கோபுரமொன்றில் மறைந்திருந்து அதனை வீடியோவில் பதிவு செய்தனர். அந்த நாடா இரகசியமாக எல்லை கடந்தது. மறுநாள் மேற்கு ஜேர்மன் தொலைக்காட்சியில் அதைக் கிழக்கிலிருந்த மக்களும் கண்டனர். அடுத்த திங்களன்று இன்னும் பெருந்தொகையானோர் வீதிக்கு வந்தனர். ஒரு மாதத்தில் பேர்லின் சுவர் திறந்தது.

சுவரைத் திறந்தது படமல்ல, மக்களின் துணிவே. படம் அத்துணிவைப் பிறரிடம் கொண்டு சேர்த்தது. இரவில், உயரத்திலிருந்து எடுத்ததால் அதில் கூட்டமே பெரிதாகத் தெரிந்தது.

இன்று கைத்தொலைபேசியே கமரா. எம்மைக் கண்காணிப்போரிடமும் அது உண்டு. ஆகவே திகதி, இடம், பதாகை, கூட்டம் ஆகியவற்றைத் தெளிவாகப் பதிவோம்; பிரதியொன்றை வேறிடத்தில் வைப்போம். முகத்தைக் காட்டுமுன் உரியவரின் சம்மதம் கேட்போம். படம் எடுத்தவர் மாலையில் வீடு திரும்புவார். அந்தத் தாயோ இரவும் அங்கேதான் இருப்பாள்.