குப்பை எங்களுக்கு, லாபம் யாருக்கு?



சென்னையின் குப்பையைத் தனியாருக்குக் கொடுக்கத் தொடங்கி கால் நூற்றாண்டு ஆகிவிட்டது. 2000இல் ஓனிக்ஸ் வந்தது. 2007இல் நீல் மெட்டல் பனால்கா, 2012இல் ராம்கி, 2020இல் உர்பேசர் சுமீத். கம்பெனிப் பெயர் மாறியது, பெருக்குகிற கை மாறவில்லை. அந்தக் கை எந்தத் தெருவிலிருந்து வருகிறது என்று இந்த இதழின் வாசகர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

ஓனிக்சுக்கு டன் கணக்கில் பணம் கொடுத்தார்கள். குப்பை கனத்தால் வருமானம். ஊரில் குப்பை குறையணும் என்பது சேவை. கூடணும் என்பது எடைக்குக் காசு வாங்குகிறவன் கணக்கு. பின்னாடி வந்த ஒப்பந்தங்களில் எடையை விட்டுவிட்டு, தெரு எவ்வளவு சுத்தம் என்று பார்த்துப் பணம் என்றார்கள். சரி, நல்லதுதான். ஆனால் லாபம் எங்கிருந்து வரும்? டீசல் விலையைக் கம்பெனி குறைக்க முடியாது. லாரி விலையையும் முடியாது. கைவைக்க முடிந்தது கூலி ஒன்றில்தான்.

2025இல் ராயபுரம், திரு.வி.க. நகர் மண்டலங்களைத் தனியாரிடம் ஒப்படைத்தபோது இதுதான் நடந்தது. மாதம் சுமார் 23,000 ரூபாய் வாங்கிக்கொண்டிருந்தவர்கள், கம்பெனிக்குப் போனால் 16,000 சொச்சம்தான் என்றார்கள். இத்தனை வருசம் பாத்த வேலைய எவனோ ஒரு கம்பெனிக்காரன்கிட்ட புதுசா கேட்டு வாங்கணுமா? ரிப்பன் மாளிகை வாசலில் 13 நாள் உட்கார்ந்தார்கள், பெரும்பாலும் பெண்கள். ஆகஸ்ட் 13 நள்ளிரவில், உயர்நீதிமன்ற உத்தரவைச் சொல்லி போலீஸ் அள்ளிக்கொண்டு போனது. மறுநாள் அமைச்சரவை கூடி, இலவசக் காலை உணவு உள்ளிட்ட திட்டங்களை அறிவித்தது. கேட்டது நிரந்தர வேலை, கிடைத்தது காலைச் சாப்பாடு.

லாபமா சேவையா என்று பட்டிமன்றம் நடத்துகிறவர்கள், அது ஏதோ ஒரே மனிதனின் மனச்சாட்சிக்குள் நடக்கிற சண்டை மாதிரி பேசுகிறார்கள். இந்த நாட்டில் அப்படி இல்லை. சேவை ஒரு சாதிக்கு, லாபம் இன்னொரு கூட்டத்துக்கு என்று பாகம் பிரித்து வெகுநாளாயிற்று. மலம் அள்ளுவது உன்னதமான தொண்டு என்று காந்தி போற்றியதை 1945லேயே அம்பேத்கர் கிழித்துப் போட்டார். 2019 கும்பமேளாவில் பிரதமர் ஐந்து துப்புரவுத் தொழிலாளர்களின் பாதத்தைக் கழுவினார். (பாதம் கழுவ டெண்டர் தேவையில்லை.) கொரோனா காலத்தில் மாலை போட்டார்கள், பூத் தூவினார்கள். புகழுகிறபோது நாங்கள் தெய்வம். சம்பளம் கேட்டால் ஒப்பந்தக் கூலி.

மும்பையில் இன்னும் ஒரு படி மேலே போனார்கள். குப்பை அள்ளியவர்களைத் தொழிலாளி என்றே ஒத்துக்கொள்ளாமல் 'தொண்டர்கள்' என்று ஏட்டில் எழுதினார்கள். தொண்டருக்கு ஏது குறைந்தபட்சக் கூலி? தொழிற்சங்கம் விடாமல் வழக்காடியது. 2017இல் உச்சநீதிமன்றம் வரை போய் 2,700 பேர் நிரந்தரமானார்கள்.

மாநகராட்சி தானே நடத்திய காலம் பொற்காலம் என்று நாங்கள் சொல்ல வரவில்லை. அப்போதும் கையுறை இல்லை. சாக்கடைக்குள் ஆள் இறங்கினான், செத்தான். ஆனாலும் நிரந்தர வேலை என்று ஒன்று இருந்தது. அதைப் பிடித்துக்கொண்டுதான் பல வீடுகளில் அடுத்த தலைமுறை கல்லூரிப் படி ஏறியது. இதைப் படிக்கிற மாணவர்களில் சிலருக்கு அது சொந்தக் கதையாக இருக்கும். இப்போது உடைக்கிறார்களே, அந்தப் படியைத்தான்.

எனவே ஒரு வேலை. உங்கள் ஊர் நகராட்சி குப்பை ஒப்பந்தத்தின் நகலைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள், விண்ணப்பக் கட்டணம் பத்து ரூபாய்தான். ஓர் ஆளுக்கு எத்தனை ரூபாய் கூலி என்று நகராட்சி கம்பெனிக்குத் தருகிறது, தெருவில் துடைப்பத்தோடு நிற்கிற அம்மாவின் கைக்கு எவ்வளவு வருகிறது, பி.எஃப். கட்டுகிறார்களா? இரண்டு எண்ணையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதி எங்களுக்கு அனுப்புங்கள். அடுத்த இதழில் ஊர்ப் பெயரோடு அச்சிடுகிறோம்.

— ஆசிரியர் குழு