பெட்டி செத்தாலும் ஆட்டம் சாகாது!



"ஏம்ப்பா, ஆண்டு மலருக்குக் கட்டுரை கேட்டா வீடியோ கேம் பத்தியா எழுதப் போறே?" என்று சிரித்த என் வகுப்பு நண்பர்களுக்கு இந்தக் கட்டுரைதான் பதில். ஆமாம், கேம் பற்றித்தான் எழுதுகிறேன். அதுவும் நம் அண்ணன்மார்கள் டி.வி.யில் வயரைச் செருகி ஆடிய பழைய கேசட் கேம் பற்றி. படித்து முடித்தபின் இது விளையாட்டா, பாடமா என்று நீங்களே தீர்ப்புச் சொல்லுங்கள்!

சென்ற விடுமுறையில் எங்கள் வீட்டுப் பரணிலிருந்து அண்ணனின் பழைய வீடியோ கேம் பெட்டியை இறக்கினேன். தூசி தட்டி, அடாப்டரை மீட்டரில் பார்த்தேன். வோல்டேஜ் சரியாக வந்தது. கேசட்டை ஒரு தடவை ஊதிப் போட்டேன். (ஊதாமல் கேசட் போட்டவர் யாராவது உண்டா?) திரையில் வெறும் கறுப்பு. சரி, நாமதான் எலக்ட்ரானிக்ஸ் படிக்கிறோமே என்று மூடியைத் திறந்தேன். உள்ளே கால் முளைத்த ஐ.சி. ஒன்றுகூட இல்லை. போர்டின் நடுவில் தார் உருண்டை மாதிரி ஒரு கறுப்பு எபாக்ஸி பொட்டு. எல்லாச் சில்லும் அதற்குள்ளே அடக்கம். சால்டரிங் அயர்ன் வைத்து அதை என்ன செய்வது? கழற்றவும் முடியாது, மாற்றவும் முடியாது. "விடுடா, அது செத்துப் போச்சு" என்றார் அண்ணன்.

எனக்கு மனசு கேட்கவில்லை. அன்று இரவே லேப்டாப்பில் ஓர் எமுலேட்டரை நிறுவினேன். அரை மணி நேரத்தில் அதே மரியோ, அதே இசை! வேலை முடிந்து களைத்து வந்த அண்ணன் சட்டையைக்கூட மாற்றாமல் உட்கார்ந்துவிட்டார். எந்தக் குழாய்க்குள் இறங்க வேண்டும் என்று அவர் விரலுக்கு இன்னும் ஞாபகம் இருந்தது. செத்த பெட்டி எப்படி எழுந்து வந்தது? அதைத்தான் நாம் யோசிக்க வேண்டும்.

நம் ஊரில் விற்ற அந்தப் பெட்டிகளில் பெரும்பாலானவை, நிண்டெண்டோ 1983-ல் ஜப்பானில் வெளியிட்ட 'ஃபேமிகாம்' பெட்டியின் நகல்கள். அசல் பெட்டியின் மூளை 6502 வகை ப்ராசஸர். வேகம் சுமார் 1.79 மெகாஹெர்ட்ஸ். வேலை செய்ய ராம் வெறும் 2 கிலோபைட்! 8085 படித்தவர்களுக்கு இது ஒன்றும் அந்நியமில்லை. இரண்டும் 8 பிட், இரண்டுக்கும் 16 பிட் முகவரி. 6502 வந்தது 1975, 8085 வந்தது 1976. ஒரே காலத்துப் பிள்ளைகள்.

எமுலேட்டர் செய்வது இதுதான்: கேசட்டிலிருந்து எடுத்த பைலில் ஒவ்வோர் ஆணையாக எடுக்கிறது, என்ன ஆணை என்று பார்க்கிறது, அசல் ப்ராசஸர் என்ன செய்திருக்குமோ அதையே செய்கிறது. நாம் பேப்பரில் 'டிரேஸ்' போடுகிறோமே, அதே வேலை. ஆனால் அது மட்டும் போதாது. ப்ராசஸர் ஒரு துடிப்பு துடிக்கும் நேரத்தில் பக்கத்தில் உள்ள படச் சில்லு திரையில் 3 புள்ளி நகர்ந்திருக்க வேண்டும். இந்தத் தாளம் தப்பினால் சில கேம்களில் படம் குலைந்துவிடும். இதே கம்பெனியின் அடுத்த பெட்டியான சூப்பர் நிண்டெண்டோவின் உச்ச வேகம் 3.58 மெகாஹெர்ட்ஸ்தான். ஆனால் அதைத் துடிப்புக்குத் துடிப்பு சரியாகப் பின்பற்ற, 'பிஎஸ்நெஸ்' என்ற எமுலேட்டருக்கு 2011 வாக்கில் 3 கிகாஹெர்ட்ஸ் அளவுக்குக் கம்ப்யூட்டர் தேவைப்பட்டது. அடுத்தவரைப் போல நடிப்பது எவ்வளவு கஷ்டம் பாருங்கள்!

கேம் பைலையே எடுத்துக்கொள்வோம். 1985-ல் வந்த 'சூப்பர் மரியோ பிரதர்ஸ்' பைலின் அளவு 40,976 பைட். காலையில் வாட்ஸ்அப்பில் வரும் ஒரு 'குட் மார்னிங்' ரோஜாப்பூ இதைவிடப் பெரியது! கணக்குப் போடுங்கள்: புரோகிராம் 32,768 பைட், படங்கள் 8,192 பைட், முன்னால் ஒட்டிய தலைப்பு 16 பைட். அந்தத் தலைப்பில் முதல் நான்கு எண்கள் 78, 69, 83, 26. முதல் மூன்றையும் ஆஸ்கி அட்டவணையில் பாருங்கள், என்.இ.எஸ். என்று வரும். இவ்வளவு சிறிய இடத்தில் எப்படி ஒரு உலகத்தையே அடைத்தார்கள்? ஒரு தந்திரம் சொல்கிறேன். வானத்து மேகமும் தரையில் உள்ள புதரும் ஒரே படம்தான். நிறம் மட்டும் வேறு. ஜிகாபைட் கணக்கில் மெமரியை வீணடிக்கும் நமக்கு இதைவிட நல்ல வாத்தியார் கிடைப்பாரா?

இனி, நிறுவுகிறவர்களுக்கு நாலு வார்த்தை. 'எஃப்.சி.இ.யு.எக்ஸ்', 'மெசன்', 'ரெட்ரோஆர்க்' எல்லாம் இலவசம், மூல நிரலும் திறந்தே இருக்கிறது. அதை எழுதியவர்களின் சொந்தத் தளத்திலிருந்து மட்டும் இறக்குங்கள். ஹாஸ்டல் நண்பன் ஒருவன் "ஆயிரம் கேம் ஒரே கிளிக்" என்ற ஆசையில் எதையோ இறக்கி, வைரஸ் புகுந்து, செமினார் பேப்பர் உட்பட எல்லாவற்றையும் இழந்தான். கேசட் பைல் என்றால் அது வெறும் தகவல், அது இ.எக்ஸ்.இ. என்று முடிந்தால் தொடவே தொடாதீர்கள். ஆட்டம் மெதுவாக ஓடினால் டி.வி. முறையைப் பாருங்கள்: என்.டி.எஸ்.சி. என்றால் வினாடிக்கு 60 படம், பி.ஏ.எல். என்றால் 50. உருவங்கள் மின்னி மறைகிறதா? அது கோளாறு அல்ல. ஒரு வரியில் 8 உருவத்துக்கு மேல் அசல் சில்லால் காட்ட முடியாது. அந்த வரம்பை நீக்க எமுலேட்டரில் வசதி உண்டு. ஆனால் முதல் முறை நீக்காமல் ஆடிப் பாருங்கள் என்பேன். அன்றைய இன்ஜினியர் எந்தச் சுவரில் முட்டிக்கொண்டார் என்று தெரியும்.

"பழைய பெட்டியையே பத்திரமாக வைத்துக்கொண்டால் போதாதா?" என்று கேட்கலாம். போதாது. வாத்து சுடும் துப்பாக்கி ஞாபகம் இருக்கிறதா? விசையை அழுத்தியதும் திரை ஒரு கணம் கறுத்து, வாத்து இருக்கும் இடம் மட்டும் வெள்ளையாகும். அந்த வெளிச்சத்தைத் துப்பாக்கிக்குள் இருக்கும் ஒளி உணரி பிடிக்கும். இந்த வித்தை பழைய பிக்சர் டியூப் டி.வி.யில் மட்டும்தான் நடக்கும். எல்.சி.டி.யில் படம் தாமதமாக வருவதால் துப்பாக்கி குருடு. பெட்டி பிழைத்தாலும் டி.வி. போய்விட்டது! கேம்களும் அப்படியே. அமெரிக்காவில் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023-ல் வெளியிட்ட ஆய்வின்படி, 2010-க்கு முன் அங்கு வெளியான கேம்களில் 100-க்கு 87 இன்று கடையில் வாங்கவே கிடைக்காது. பூச்சி அரித்த ஓலைச்சுவடிக்கு நாம் அழுகிறோம். இதற்கும் கொஞ்சம் கவலைப்படலாம் அல்லவா?

"இதெல்லாம் திருட்டு இல்லையா?" நல்ல கேள்வி, நேராகவே பதில் சொல்கிறேன். எமுலேட்டர் வேறு, கேம் பைல் வேறு. பிளேஸ்டேஷனைப் போல இயங்கும் மென்பொருள் செய்த கனெக்டிக்ஸ் நிறுவனத்தின் மீது சோனி 1999-ல் வழக்குப் போட்டது. உள்ளே எப்படி வேலை செய்கிறது என்று பிரித்துப் படித்தது நியாயமான பயன்பாடே என்று 2000-ல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் சொன்னது. வேடிக்கை என்னவென்றால், அதே சோனி 2018-ல் 'பிளேஸ்டேஷன் கிளாசிக்' என்ற குட்டிப் பெட்டியை விற்றபோது அதற்குள் ஓடியது யாரோ ஆர்வலர்கள் எழுதிய திறந்த மூல எமுலேட்டர்! நம் நாட்டின் 1957-ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தின் 52-ஆம் பிரிவும், முறையாக வைத்திருக்கும் புரோகிராமைக் கவனித்து, ஆராய்ந்து, அதன் தத்துவத்தைத் தெரிந்துகொள்ள இடம் தருகிறது.

ஆனால் கேம் பைல் அப்படியல்ல. மரியோவுக்கு இன்னும் உரிமையாளர் உண்டு. பழசு என்பதால் பொதுச்சொத்து ஆகிவிடாது. இன்று கடையில் விற்கும் கேமை ஓசியில் ஆடவே எமுலேட்டர் தேடுவதை நான் ஆதரிக்க மாட்டேன். நடப்பிலிருந்த ஸ்விட்ச் பெட்டிக்கு எமுலேட்டர் செய்த 'யூசு' குழு மீது நிண்டெண்டோ 2024-ல் வழக்குத் தொடர, 24 லட்சம் டாலர் தர ஒப்புக்கொண்டு அவர்கள் கடையை மூட வேண்டியதாயிற்று. நானும் முதல் நாள் மரியோவை இறக்கித்தான் ஆடினேன், மறைக்கவில்லை. அண்ணனின் கேசட்டே கள்ள நகல் என்பது பிறகுதான் உறைத்தது. அடுத்தவன் உழைப்பை ஓசியில் எடுத்துப் பழகிய கை, நாளை தன் உழைப்புக்கு எந்த முகத்தோடு விலை கேட்கும்?

அப்போ என்னதான் பண்றது? வழி இருக்கிறது. இந்தப் பழைய பெட்டிக்காகவே இன்றும் புதுக் கேம் எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். 'நோவா தி ஸ்குவிரல்', 'ஆல்டர் ஈகோ' போன்றவற்றை எழுதியவர்களே இலவசமாகத் தருகிறார்கள். அவற்றை ஆடுங்கள். மெசனில் உள்ள டீபக்கரைத் திறந்து, குதிக்கும்போது எந்த மெமரி எண் மாறுகிறது என்று பாருங்கள். அடுத்த படி, சொந்தமாக ஓர் எமுலேட்டர்! 1970-களில் வந்த 'சிப்-8'க்கு 35 ஆணைகள்தான், மெமரி 4 கிலோபைட், திரை 64-க்கு 32 புள்ளி. சி தெரிந்த இரண்டு பேர் சேர்ந்தால் ஒரு மினி புராஜெக்டாக முடித்துவிடலாம். இறுதியாண்டில் காசு கொடுத்து ரெடிமேட் புராஜெக்ட் வாங்குவதைவிட இது எவ்வளவோ மேல். நம் மாணவர் பேரவையே ஒரு சனிக்கிழமை இதற்குப் பயிற்சி வகுப்பு நடத்தினால் என்ன? என் லேப்டாப்பை நான் கொண்டுவருகிறேன்.

அண்ணனின் பெட்டியை இனி யாராலும் சரிசெய்ய முடியாது. ஆனால் அது எப்படி வேலை செய்தது என்பதை யாரோ பொறுமையாக உட்கார்ந்து படித்து எழுதி வைத்ததால்தான் அன்று இரவு அவர் சிரித்தார். சில்லு சாகும், டி.வி. மாறும், கம்பெனி மறக்கும். எழுதி வைத்த அறிவு நிற்கும்.

ஆகவே தோழர்களே, விளையாடுங்கள். அதோடு மூடியைத் திறந்தும் பாருங்கள்!

— மூன்றாம் ஆண்டு, மின்னணுவியல் துறை